எமரன்சிக்கு எடுத்துவைக்காத கட்லெட்

கிளிஞ்சல்முனையில் அறுபத்து மூன்று வீடு, ஒரு மாதா கோயில், ஒரு ஐஸ் கம்பெனி, ஓயாமல் அடிக்கிற காற்று, இவ்வளவுதான் உண்டு என்றாலும், அந்த ஊர்க்காரர்களுக்கு உலகத்தில் தங்களை விட்டால் ஆளில்லை என்ற நினைப்பு மட்டும் ஒரு பெரிய பட்டணத்துக்குப் போதுமான அளவுக்கு இருந்தது. அந்த நினைப்புக்கு அவர்கள் காட்டுகிற ஒரே சாட்சி, கோயில் காரியங்களைக் கவனிக்கிற பங்குப் பேரவையின் துணைத்தலைவர் கஸ்பாரின் மனைவி எமரன்சி தோசைக்கல்லில் சுட்டெடுக்கிற நண்டு கட்லெட். வெளியூர்க்காரன் எவனாவது தன் ஊரில் கலெக்டர் பிறந்தார், மந்திரி பிறந்தார் என்று பேச ஆரம்பித்தால், கிளிஞ்சல்முனைக்காரன் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எங்கூரு நண்டு கட்லெட்டு தின்னுருக்கியரா?" என்பான். பேச்சு அதோடு முடிந்துவிடும்.

தின்கிறவர்களுக்கு அது இரண்டு வாய். எமரன்சிக்கு ஒரு முழுப் பகல். நண்டைக் கழுவி மஞ்சளும் உப்பும் போட்டு அவித்து, ஆறவைத்து, ஓட்டைப் பிளந்து, காலையும் கொடுக்கையும் குழவியால் நசுங்காமல் தட்டி, ஓட்டுச் சில்லு ஒன்றுகூடக் கலக்காமல் சதையை நூல்நூலாகப் பிரித்தெடுத்து, சின்ன வெங்காயமும் இஞ்சியும் பச்சைமிளகாயும் கறிவேப்பிலையும் பொடியாக அரிந்து சேர்த்து, மிளகுத்தூள் தூவி, ஒட்டிக்கொள்வதற்கு முட்டையும் அவித்த உருளைக்கிழங்கு கொஞ்சமும் போட்டுப் பிசைந்து, உள்ளங்கையில் வட்டமாகத் தட்டி, ரஸ்க் தூளில் புரட்டி, எண்ணெய் காய்ந்த கல்லில் போட்டு, அடி சிவக்கும்வரை கையைக் கட்டிக்கொண்டு நிற்க வேண்டும். அவசரப்பட்டுத் திருப்பினால் உதிர்ந்துவிடும், அசந்தால் கருகிவிடும். அவள் விரல் நுனிகளில் நண்டு ஓடு கீறிய கோடுகள் எப்போதும் இருந்தன, எலுமிச்சம்பழம் பிழியும்போது மட்டும் அவளுக்கு அவை ஞாபகம் வரும்.

கஸ்பார் வீட்டில் இரண்டு சட்டங்கள் இருந்தன, இரண்டையும் போட்டது அவருடைய அப்பா, அவர் செத்த பிறகும் அவை உயிரோடு இருந்தன. பந்திக்கு முன்னால் சமைத்தவள் வாயில் வைத்தால் பண்டம் எச்சிலாகிவிடும், ஆகையால் உப்பு பார்க்கக் கூடாது என்பது ஒன்று. சமைத்தவள் கடைசியில் சாப்பிட வேண்டும், மிஞ்சியிருந்தால், என்பது இன்னொன்று. எமரன்சி அந்த வீட்டுக்கு வாழ்க்கைப்பட்டு வந்து இருபத்து மூன்று வருஷம் கட்லெட் சுட்டாள், இருபத்து மூன்று வருஷமும் ஒன்றுகூட மிஞ்சவில்லை. கல்லில் ஒட்டிக்கொண்ட கருகலைத் தோசைக்கரண்டியால் சுரண்டிச் சோற்றோடு பிசைந்து சாப்பிட்டுவிட்டு அவள் பாத்திரம் கழுவப் போவாள். தான் சுட்ட கட்லெட் என்ன ருசி என்று ஊரிலேயே தெரியாதவள் அவள் ஒருத்திதான்.

அவளுடைய ஒரே மகள் ஜெசிந்தாவுக்கு மேலக்கரை தொபியாசின் மகனோடு நிச்சயமான ஞாயிற்றுக்கிழமை, எமரன்சி முந்நூறு கட்லெட் சுட்டாள். ஊரில் ஒரு வீடு மிச்சமில்லாமல் வந்தார்கள், மேலக்கரையிலிருந்து இரண்டு வேன் நிறைய வந்தார்கள், கூடமாட உதவுகிறோம் என்று அடுக்களை வாசலில் வந்து நின்ற பெண்கள் ஆளுக்கு இரண்டு தின்று, "எமரன்சி கை எமரன்சி கைதான்" என்று சொல்லிவிட்டு உதவி செய்யாமல் போனார்கள். மோதிரம் மாற்றியபோது எமரன்சி நாலாவது ஈடு கட்லெட்டைத் திருப்பிக்கொண்டிருந்தாள். கைதட்டல் சத்தத்தை வைத்து, சரி, போட்டாயிற்று என்று தெரிந்துகொண்டாள். மகளின் விரலில் மோதிரம் ஏறுவதைப் பார்க்கவில்லை என்ற வருத்தம் நெஞ்சுக்குள் ஒரு முள்ளாகக் குத்தியது, ஆனால் கல்லில் எட்டு கட்லெட் இருந்தது.

மறுநாள் திங்கட்கிழமை காலையில் கஸ்பார் கட்டிலை விட்டு இறங்கி வாசலுக்குப் போகப் பார்த்து, பக்கவாட்டில் நகர்ந்து அலமாரியில் போய் இடித்துக்கொண்டார்.

"ஏளா எமரன்சி, காலு ஒரு தினுசாப் போகுது பாரு."

"நேத்து பூரா நின்னுகிட்டே இருந்தீங்கள்லா, அதா இருக்கும்," என்று எமரன்சி காப்பியை ஆற்றினாள்.

அவர் காப்பியைக் குடித்துவிட்டு இடது பக்கமாகவே நகர்ந்து நகர்ந்து வாசலுக்குப் போய்ப் பார்த்தால், தெருவே அப்படித்தான் போய்க்கொண்டிருந்தது. பால்காரரும், ஐஸ் கம்பெனிக்குப் போகிறவர்களும், பள்ளிக்கூடத்து டீச்சரும், மருந்துப்பை தூக்கிய சிலுவை கம்பவுண்டரும், காலைப் பூசை வைக்கப் போன பங்குச்சாமியாரும், எல்லோரும் கடலைப் பார்த்த முகத்தோடு, முட்டியைக் கொஞ்சம் மடக்கி, இடது கைப்பக்கமாக நகர்ந்துகொண்டிருந்தார்கள். வலது பக்கம் போக யாருக்கும் கால் வரவில்லை. திரும்பி வர வேண்டுமானால் உடம்பைத் திருப்பிக் கடலுக்கு முதுகு காட்டிக்கொண்டு மறுபடியும் இடது பக்கமாகவே வர வேண்டியிருந்தது. ஒருவரை ஒருவர் பார்த்து, "என்ன, சவுக்கியமா?" என்று கேட்டுக்கொண்டார்கள். நடையைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை, ஏனென்றால் அது தனக்கு மட்டும் வந்திருக்கிறதோ என்று ஒவ்வொருவரும் பயந்துகொண்டிருந்தார்கள்.

புதன்கிழமைக்குள் பயம் தெளிந்தது, வெள்ளிக்கிழமைக்குள் பெருமை வந்துவிட்டது. பங்குப் பேரவை கூடி, இது கிளிஞ்சல்முனையின் பூர்வீக நடைதான் என்றும், நடுவில் சில நூற்றாண்டுகள் மறந்துபோயிருந்தது என்றும் தீர்மானம் போட்டது. போகிற திசையை யாரும் பார்க்காததால் விளக்குக் கம்பங்களில் தலை மோதியது. திரும்பிப் பார்த்து நடக்கலாம் என்று ஒருவரும் சொல்லவில்லை, கம்பங்களைச் சுற்றித் தென்னை நார் மெத்தை கட்டினார்கள். தையற்காரர் சேலைக் கொசுவத்தை இடுப்புக்குப் பக்கத்தில் தள்ளிக் கட்டும் விதத்தைக் கண்டுபிடித்துப் பெயரெடுத்தார். மேலக்கரையில் நிச்சயதார்த்தத்துக்கு அழைப்பு வராதவர்கள், வராதது தெரிந்துவிடக் கூடாதே என்று கதவைச் சாத்திக்கொண்டு வீட்டுக்குள் பக்கவாட்டு நடை பழகினார்கள், அதில் இரண்டு பேருக்குக் கணுக்கால் பிசகியது.

ஒரே ஒரு சங்கடம் இருந்தது. இரண்டு பேர் எதிரெதிரே நின்று பேசிவிட்டு, பேசிக்கொண்டே நடப்போம் என்று கால் எடுத்தால், இவர் கிழக்கே போவார், அவர் மேற்கே போவார். இருவருக்கும் இடது பக்கம் வேறு வேறு அல்லவா? சேர்ந்து போக வேண்டுமென்றால் எல்லோரும் ஒரே பக்கம் பார்த்து வரிசையாக நகர வேண்டும், பக்கத்தில் வருகிறவர் முகத்தைப் பார்க்க முடியாது. புருஷனும் பெண்டாட்டியும் அப்படித்தான் கோயிலுக்குப் போனார்கள். இதனால் ஊரில் சண்டை குறைந்திருக்கிறது என்று பங்குச்சாமியார் பிரசங்கத்தில் நன்றி செலுத்தினார்.

இந்த ஒழுங்கான ஊருக்குள் எமரன்சி குடத்தோடு குழாயடிக்கு நேராக நடந்து போனாள். முதல் வாரம் யாரும் கவனிக்கவில்லை, அவளை அடுக்களைக்கு வெளியே பார்த்தே அவர்களுக்குப் பழக்கமில்லை. கவனித்த பிறகு தெருவே கையை மோவாயில் வைத்தது.

"யம்மா, எமரன்சிக்கு என்ன ஆச்சு? நேர வாராளே!"

"நல்லாத்தானட்டி இருந்தா, கண்ணு பட்டுட்டு."

பூசையில் நற்கருணை அப்பம் வாங்க அவள் பீடத்தை நோக்கி நேராக வந்தது சண்டைக்கு வருவதுபோல இருக்கிறதென்று புகார் போனதால், கடைசி பெஞ்சில் உட்கார்ந்து, எல்லோரும் வாங்கிய பிறகு வரும்படி பங்குச்சாமியார் அன்போடு சொன்னார். பிள்ளைகள் அவளைப் போல நேராக நடந்து காட்டி விளையாடப் பார்த்து விழுந்து எழுந்தார்கள். கஸ்பாருக்கு மானம் போயிற்று. அவர் சிலுவை கம்பவுண்டரை வீட்டுக்குக் கூட்டிவந்தார்.

கம்பவுண்டர் அவளைக் கூடத்தின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்கு நாலு தரம் நடக்கவிட்டு, நாக்கை நீட்டச் சொல்லி, முட்டியைத் தட்டிப் பார்த்தார்.

"எனக்கு ஒண்ணும் இல்ல டாக்டரே," என்றாள் எமரன்சி. அவரை டாக்டர் என்றால்தான் அவர் காது கேட்கும். "நா எப்பவும் போலத்தான நடக்கேன். நீங்கதான..."

"இந்தா பாருங்க, எனக்கு இருக்கு, ஒங்க வீட்டுக்காரருக்கு இருக்கு, சாமியாருக்கு இருக்கு. எல்லாத்துக்கும் இருந்தா அது வியாதி இல்ல. ஆருக்கு இல்லியோ அவுகளுக்குத்தான் வியாதி." பிறகு புருவத்தை நெரித்துக் கேட்டார், "நிச்சயதார்த்தத்தன்னிக்கி என்ன சாப்பிட்டிய?"

"கருகல் சோறு."

"கட்லெட்டு?"

"மிஞ்சலியே."

கம்பவுண்டர் கண்டுபிடித்துவிட்டார். ஊரில் கட்லெட் சாப்பிடாத ஒரே பிறவி இவள்தான் என்பது அன்று சாயங்காலத்துக்குள் எல்லா வீட்டுக்கும் போய்ச் சேர, எல்லா வீட்டிலிருந்தும் ஆள் வந்து, தான் மட்டும் அன்றைக்கே சொன்னதாக, எமரன்சிக்கு ஒன்று எடுத்துவையுங்கள் என்று தன் வாயால் சொன்னதாக, வேறு யாரோதான் எடுத்துவைக்காமல் விட்டதாகச் சத்தியம் பண்ணினார்கள். அறுபத்து மூன்று வீட்டுக்காரர்களும் சொல்லியிருக்கிறார்கள், ஒருவர் காதிலும் விழவில்லை.

வைத்தியம் சுலபமாகப் போயிற்று: அவள் ஒரு கட்லெட் தின்ன வேண்டும். அடுத்த சனிக்கிழமை கஸ்பார் ஒரு கூடை நண்டு கொண்டுவந்தார். ஒரு கட்லெட்டுக்கு ஒரு கூடை எதற்கு என்று எமரன்சி கேட்டதற்கு, "ஒனக்காக செபம் பண்ண நாலு பேர் வருவாங்கள்லா," என்றார். நாற்பது பேர் வந்தார்கள். செபமாலை சொன்னார்கள், நடுவில் மூக்கை உறிஞ்சி அடுக்களைப் பக்கம் திரும்பினார்கள். எமரன்சி நாற்பத்தைந்து கட்லெட் சுட்டு நடுக்கூடத்தில் தட்டை வைத்தாள். மருந்தின் வீரியம் சரியாக இருக்கிறதா என்று கம்பவுண்டர் ஒன்றும், முதலில் தின்றது ஞாபகமில்லை என்று இன்னொன்றும் தின்றார். ஆசீர்வதித்த கையோடு சாமியார் இரண்டு எடுத்தார். மற்றவர்கள் மரியாதைக்கு ஒவ்வொன்று எடுத்தார்கள், ஓரிருவர் வீட்டிலிருக்கிறவர்களுக்கென்று இன்னொன்றைக் கைக்குட்டையில் சுற்றினார்கள். கடைசியாக ஜெசிந்தா கை நீட்டி ஒன்றை எடுத்து வாயில் போட்ட பிறகுதான் தட்டைப் பார்த்தாள்.

"அம்மா! ஒனக்கு?"

எமரன்சி தட்டைப் பார்த்தாள். ரஸ்க் தூளும் ஒரு கறிவேப்பிலையும் இருந்தன.

எல்லோருக்கும் அவள் மேல்தான் கோபம் வந்தது. "ஒண்ணே ஒண்ணு ஒதுக்கி வச்சிருக்கக் கூடாதா? அவளுக்கே அவ மேல அக்கற இல்லியே, நாம என்ன செய்ய முடியும்?" என்று சொல்லிக்கொண்டு, வயிற்றைத் தடவியபடி, இடது பக்கமாகக் கலைந்து போனார்கள்.

கல்யாணத்துக்கு ஒரு வாரம் இருக்கும்போது சம்மந்தி தொபியாஸ் நேரிலேயே வந்தார். பக்கவாட்டு நடையில் மேலக்கரையிலேயே முதல் ஆள் என்று பெயர் வாங்கியவர், வாசற்படியைக்கூட இடிக்காமல் ஏறினார். பொண்ணு வீட்டிலிருந்து கோயில்வரை பேண்டு வாத்தியத்தோடு ஊர்வலம் போகும்போது, அத்தனை பேர் சீராக நகர்கையில் பெண்ணின் தாய் மட்டும் நெட்டுக்கு நடந்து வந்தால் வீடியோவில் எப்படி இருக்கும் என்று கேட்டார்.

"கொணமாயிட்டுன்னா தாராளமா வரட்டும். இல்லன்னா சம்மந்தியம்மா வீட்டோட இருக்கறதுதான் மரியாத. நா தப்பாச் சொல்லலியே?"

"சரியாத்தான் சொல்லுதிய," என்றார் கஸ்பார். "பந்தி வேலையும் கெடக்கு. ஏளா, நீ அடுக்களையில இருந்துக்கோ."

எமரன்சி அடுக்களைக்குப் போய்ச் சுவரைப் பார்த்துக்கொண்டு அழுதாள், பிறகு ஆத்திரம் வந்தது, அது அழுகையைவிட நன்றாக இருந்தது. மோதிரம் மாற்றியபோது கல்லுக்கு முன்னால் நின்றாள், இப்போது தாலி கட்டும்போதும் கல்லுக்கு முன்னால் நிற்க வேண்டுமாம். பெற்ற ஒரே பிள்ளை. அவள் கழுத்தில் தாலி ஏறுவதைக் கண்ணால் பார்க்க வேண்டும் என்பதைத் தவிர இந்த உலகத்தில் அவள் வேறெதுவும் கேட்கவில்லை, இதுவரைக்கும் கேட்டதும் இல்லை.

ஜெசிந்தா வந்து கதவோரம் நின்றாள். "அம்மா, அன்னிக்கி அந்தக் கடைசி ஒண்ண நாந்தான் எடுத்தேன்."

"தெரியும்ட்டி."

"கல்யாணத்தன்னிக்கி காலையில சுடு. நா வெளிய நின்னுக்கிடுதேன். ஆரையும் உள்ள விட மாட்டேன்."

கல்யாணத்தன்று பூசை பத்து மணிக்கு. விடிந்ததும் எமரன்சி ஒன்பது நண்டு அவித்தாள், பதினொரு கட்லெட் தட்டினாள். வாசம் கூடத்துக்குப் போனதும், தொபியாசும் பங்குச்சாமியாரும் உட்பட, ஊர்வலத்துக்காகப் பட்டும் சென்டுமாக உட்கார்ந்திருந்த கூட்டம் பேச்சை நிறுத்தியது. ஒருவர் எழுந்தார், பிறகு எல்லோரும் எழுந்தார்கள். எமரன்சி அடுக்களைக் கதவைச் சாத்தி உள்கொண்டி போட்டாள். வெளியே, கல்யாணச் சேலையோடு ஜெசிந்தா கதவில் முதுகைச் சாய்த்து நின்றுகொண்டாள்.

"எமரன்சி, நல்லா செபம் பண்ணிட்டுச் சாப்பிடு," என்றது ஒரு குரல்.

"எத்தன சுட்ட?" என்றது இன்னொன்று.

"ஒண்ணு போதும், அதுக்கு மேல ஒடம்பு தாங்காது," என்றார் சிலுவை கம்பவுண்டர். "மிச்சத்த இங்கிட்டுத் தள்ளிருங்க, ஏட்டி ஜெசிந்தா, வழி விடு."

"மாட்டேன்," என்றாள் ஜெசிந்தா.

எமரன்சி பலகையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். அந்த அடுக்களையில் அவள் உட்கார்ந்து சாப்பிட்டது அதுவே முதல் தடவை. சூடான ஒன்றை எடுத்து இரண்டாகப் பிட்டாள், ஆவி வந்தது. ஒரு வாய் கடித்தாள், மென்றாள், பாதியில் நிறுத்தி உப்பு ஜாடியைத் திரும்பி ஒரு பார்வை பார்த்தாள். பிறகு மீதியையும் தின்றாள். இரண்டாவதைத் தின்றாள். மூன்றாவது தின்னும்போது வெளியே குரல்கள் கெஞ்சின, ஐந்தாவதுக்கு அதட்டின, ஏழாவதுக்குக் கஸ்பார் தன் அப்பாவின் சட்டங்களைக் கதவுக்கு அப்பாலிருந்து உரக்க ஞாபகப்படுத்தினார். ஒன்பதாவதுக்கு ஒரு பெண் விசும்புகிற சத்தம் கேட்டது, நிச்சயம் அது எமரன்சிக்காக அல்ல. பதினோராவதை அவள் மெதுவாக, எலுமிச்சம்பழம் பிழிந்து தின்றாள். கல்லிலிருந்த கருகலைச் சுரண்டிக் குப்பையில் போட்டாள், கையைக் கழுவினாள், சேலையை உதறிக் கட்டிக்கொண்டு கதவைத் திறந்தாள்.

தட்டு காலியாக இருப்பதை முதலில் பார்த்தார்கள், அப்புறம்தான் அவள் காலைப் பார்த்தார்கள்.

அவள் நகர்ந்தாள். முட்டி கொஞ்சம் மடங்கியது, பாதம் பக்கவாட்டில் போயிற்று. கூட்டத்திலிருந்து 'மாதாவே' என்று ஒரு மூச்சு கிளம்பி, பாதியிலேயே நின்றது. அவள் வலது பக்கமாகப் போய்க்கொண்டிருந்தாள்.

"என்னது இது, சைடு மாறுது!" என்றார் தொபியாஸ். "வீடியோல..."

"பக்கவாட்டுலதான வரணும்னு சொன்னிய?" என்றாள் எமரன்சி. சம்மந்தியிடம் அவள் பேசிய முதல் வார்த்தை அது. "பக்கவாட்டுலதான் வாரேன்."

இடது என்று யாராவது எழுதி வைத்திருக்கிறார்களா என்று தொபியாஸ் கஸ்பாரைப் பார்த்தார், கஸ்பார் சாமியாரைப் பார்த்தார், சாமியார் பேரவைத் தீர்மானத்தை மனதுக்குள் படித்துப் பார்த்தார். அதில் பக்கவாட்டு என்றுதான் இருந்தது, எந்தப் பக்கம் என்று இல்லை. அதற்குள் பேண்டு வாத்தியக்காரர்கள் நேரமாகிவிட்டதென்று வாசித்துக்கொண்டே கிளம்பிவிட்டார்கள்.

வாசலில் ஜெசிந்தா ஊர்வலத்தின் முகப்பில் கடலைப் பார்த்து நின்றாள். கோயில் அவளுக்கு இடது பக்கம். எமரன்சி வந்து, கடலுக்கு முதுகு காட்டி, மகளுக்கு எதிரே நின்றாள். கோயில் அவளுக்கு வலது பக்கம். மகள் கைகள் இரண்டையும் நீட்டினாள், தாய் பிடித்துக்கொண்டாள், இருவரும் ஒரே நேரத்தில் காலை எடுத்து வைத்தார்கள். பிரியவில்லை. இவள் இடமும் அவள் வலமும் ஒரே திசைக்குப் போயின. அந்த ஊரில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தபடி சேர்ந்து போன இரண்டு பேர் அவர்கள் மட்டும்தான். பின்னால் வந்த இருநூறு பேரும் கடலைப் பார்த்துக்கொண்டு, முன்னால் என்ன நடக்கிறதென்று தெரியாமல், வரிசையாக நகர்ந்து வந்தார்கள். வெகு காலத்துக்குப் பிறகு எமரன்சி தன் மகளை நன்றாகப் பார்த்தாள். இடது புருவத்தில் ஒரு சின்னத் தழும்பு, அது எப்போது வந்ததென்று அவளுக்குத் தெரியவில்லை. கண் நிறைந்துகொண்டு வந்தது, துடைக்கக் கையில்லை, அப்படியே விட்டாள்.

கோயில் மணி அடித்தது. ஜெசிந்தா தாயின் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்து, இருபத்து மூன்று வருஷமாக அந்த ஊரில் யாரும் அவளிடம் கேட்காததைக் கேட்டாள்.

"எப்பிடிம்மா இருந்துச்சு?"

"உப்பு கம்மிட்டி," என்றாள் எமரன்சி. "இத்தன வருசமா ஒருத்தரும் சொல்லலியே."